அரசு பஸ்ஸில் இலவசம், என் பஸ்ஸில் காலி சீட்: போட்டி ஆணையத்துக்குப் போகலாமா?

கேட்டவர் கொங்குப் பக்கத்து ஊர் ஒன்றில் இரண்டு டவுன் பஸ் ஓட்டுபவர். கேள்வி இதுதான்: "2021 மே மாதத்திலிருந்து அரசின் சாதாரணக் கட்டண டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு இலவசம். அதே ரூட்டில் ஐந்து நிமிடம் முன்னே பின்னே என் வண்டியும் போகிறது. சும்மா ஏற்றிக்கொண்டு போகிறவனோடு காசு வாங்குகிறவன் எப்படிப் போட்டி போட முடியும்? ஒரு தனியார் கம்பெனி இப்படிச் செய்தால் போட்டி ஆணையம் பிடிக்கும் என்கிறார்கள். அரசு செய்தால் பிடிக்காதா?"

முதலில் நேரான பதில். போட்டி ஆணையம், அதாவது வியாபாரத்தில் பலத்தைக் காட்டிப் போட்டியைக் கெடுப்பவர்களை விசாரித்து அபராதம் போடும் மத்திய அமைப்பு, அரசு என்பதற்காக மட்டும் யாரையும் விட்டுவிடாது, அதில் சந்தேகம் வேண்டாம். ஆனால் நீங்கள் சொல்கிற குறையை அங்கே கொண்டுபோனால், என் கணிப்பில், முதல் கட்டத்திலேயே மூடிவிடுவார்கள். இது கேட்க முரணாக இருக்கும். ஏன் முரண் இல்லை என்பதைத்தான் கீழே எழுதியிருக்கிறேன், கொஞ்சம் நீளமாக.

நீங்கள் சொல்கிற காட்சியை நானும் பார்த்திருக்கிறேன். பஸ் ஸ்டாண்டில் தனியார் வண்டி பாட்டுப் போட்டுக்கொண்டு நிற்கும், உள்ளே நாலு பேர். பக்கத்தில் வெயிலில் இருபது பெண்கள், பூக்கூடையும் டிபன் பையுமாக, இன்னும் வராத அரசு வண்டிக்காக நிற்பார்கள். கண்டக்டர் பையன் "ஏறுங்கக்கா, உடனே எடுத்துருவோம்" என்று கத்துவான், ஒருவரும் அசைய மாட்டார். மனைவி இலவச வண்டிக்கு நிற்கும்போது கூட வந்த கணவரும் அங்கேதான் நிற்கிறார். ஆக, போவது பெண்கள் கலெக்‌ஷன் மட்டும் இல்லை. இதில் உங்கள் கோபம் நியாயமானது. கோபம் நியாயமாக இருப்பதும் ஒரு குறிப்பிட்ட சட்டப் பிரிவுக்குள் அது அடங்குவதும் வேறு வேறு விஷயம், அவ்வளவுதான்.

உங்களுக்கு எதிரே "அரசு" என்று ஒரே ஆள் உட்கார்ந்திருப்பதாக நினைக்கிறீர்கள். உண்மையில் அங்கே மூன்று நாற்காலி இருக்கிறது. ஒன்றில் பஸ் ஓட்டுகிற அரசு, அதாவது போக்குவரத்துக் கழகம். இன்னொன்றில் பெர்மிட்டும் டைமிங்கும் கொடுத்து, கட்டணத்தை நிர்ணயிக்கிற அரசு. மூன்றாவதில், பெண்களின் பயணச் செலவை நானே ஏற்கிறேன் என்று அரசாணை போட்டு, கஜானாவிலிருந்து பணம் எடுத்துக் கொடுக்கிற அரசு. போட்டிச் சட்டத்தின் கை எட்டுவது பெரும்பாலும் முதல் நாற்காலிக்குத்தான். உங்களை அடித்திருப்பது மூன்றாவது.

முதல் நாற்காலியை எடுத்துக்கொள்வோம். 1969-ல் வந்த பழைய ஏகபோகச் சட்டம் அரசு நிறுவனங்களைத் தொடவே இல்லை. டாடா, பிர்லா பெருத்துவிடக் கூடாது என்று போட்ட சட்டம் அது. அரசு பெருப்பது அன்றைக்குக் குறையாகவே பார்க்கப்படவில்லை, அதுதான் கொள்கை. 1991-ல்தான் அறிவிக்கை மூலம் அரசு நிறுவனங்களையும் அதற்குள் கொண்டுவந்தார்கள். அதற்குப் பதிலாக வந்த 2002-ஆம் ஆண்டுப் போட்டிச் சட்டம் எழுதப்பட்டபோதே தெளிவாக எழுதப்பட்டது. "நிறுவனம்" என்ற சொல்லுக்கு அதில் கொடுத்திருக்கும் விளக்கத்தில் அரசுத் துறையும் உண்டு. விலக்கு, இறையாண்மைப் பணிகளுக்கு, அதாவது அரசு மட்டுமே செய்யக்கூடிய வேலைகளுக்கு, மட்டும். அணுசக்தி, நாணயம், பாதுகாப்பு, விண்வெளி ஆகிய மத்திய அரசுத் துறைகளின் வேலைகள் அந்த விலக்கில் பெயர் சொல்லியே சேர்க்கப்பட்டிருக்கின்றன. பஸ் ஓட்டுவது அந்தக் கணக்கில் வராது. ரயில் ஓட்டுவதே வராது என்று டெல்லி உயர் நீதிமன்றம் 2012-ல் சொல்லிவிட்டது. கன்டெய்னர் ரயில் ஓட்டும் ஒரு தனியார் நிறுவனம் ரயில்வே மீது புகார் கொடுத்தபோது, நாங்கள் அரசின் ஒரு துறை, எங்களை ஆணையம் விசாரிக்க முடியாது என்று ரயில்வே வாதாடியது. தனியார் செய்யக்கூடிய வேலையைக் காசு வாங்கிச் செய்தால் அது வியாபாரம்தான் என்பது தீர்ப்பின் சாரம். (கடைசியில் அந்தப் புகாரை ஆணையம் தள்ளுபடி செய்துவிட்டது என்பது வேறு கதை. ஆனால் விசாரிக்கலாமா என்ற கேள்வி முடிந்துவிட்டது.)

சட்டத்தின் 4-வது பிரிவு ஆதிக்க நிலையை, அதாவது போட்டியாளரைப் பற்றிக் கவலைப்படாமல் நடக்கும் அளவு சந்தைப் பலத்தை, தவறாகப் பயன்படுத்துவதைத் தடுக்கிறது. 2009 மே 20-இல்தான் அது நடைமுறைக்கு வந்தது. ஒரு நிறுவனத்துக்கு ஆதிக்க நிலை இருக்கிறதா என்று பார்க்கும்போது, அது ஒரு சட்டத்தால் கிடைத்த ஆதிக்கமா, அரசு நிறுவனம் என்பதால் கிடைத்ததா என்றும் ஆணையம் பார்க்கலாம் என 19-வது பிரிவில் எழுதியிருக்கிறார்கள். அதாவது "எனக்கு இந்த ஏகபோகத்தை நாடாளுமன்றமே கொடுத்தது" என்று சொல்லித் தப்ப முடியாது.

தப்பப் பார்த்தவர்கள் உண்டு. அதில் பெரியது கோல் இந்தியா வழக்கு. இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன், ஏனென்றால் புகார் கொடுத்தவர்களில் முக்கியமானவர்கள் யார் தெரியுமா? மகாராஷ்டிர அரசின் மின் உற்பத்தி நிறுவனமும், குஜராத் அரசின் மின் நிறுவனமும். அரசு மேல் அரசே போட்ட புகார்.

1973-ல் நிலக்கரிச் சுரங்கங்களை நாட்டுடைமை ஆக்கினார்கள், 1975-ல் கோல் இந்தியா உருவானது. அதன்பின் மின் நிலையம் வைத்திருக்கிறவருக்கு வேறு கடை கிடையாது. ஒடிசாவின் தால்சேர் பக்கத்துக் கரி ரயிலில் பாராதீப் போய், கப்பலேறி எண்ணூருக்கும் தூத்துக்குடிக்கும் வந்து இறங்குகிறதே, அதுவும் இதே கோல் இந்தியாவின் கிளை நிறுவனம் வெட்டுகிற கரிதான். கரி வாங்க ஒப்பந்தம் போட வேண்டும். ஒப்பந்தத்தில் என்ன இருக்கும் என்பதை விற்கிறவரே எழுதி நீட்டுவார். கரியின் தரத்தைச் சோதிக்க மாதிரியை எங்கே, எப்படி எடுப்பது, தரம் குறைந்தால் யார் பொறுப்பு, கரியோடு கல் வந்தால் என்ன கணக்கு, எல்லாம் அவர் சொன்னதுதான். நீங்கள் மளிகைக் கடையில் ஒரு மூட்டை அரிசி வாங்கி, வீட்டில் கொட்டிப் பார்த்தால் கல்லாக இருக்கிறது. திரும்பப் போனால், கடையிலேயே எடை போட்டு, கடையிலேயே பார்த்தாயிற்று, முடிந்தது என்கிறார். அடுத்த கடைக்குப் போகலாம் என்றால் ஊரில் அடுத்த கடையே இல்லை. இதுதான் புகார்.

2013 டிசம்பரில் ஆணையம் ரூ. 1,773 கோடி அபராதம் போட்டது. 2016 மே மாதம் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அந்த உத்தரவை இயற்கை நீதி மீறல் என்று ரத்து செய்து, திரும்ப விசாரிக்கச் சொன்னது. 2017 மார்ச்சில் ஆணையம் மறுபடி அதே முடிவுக்கு வந்தது, அபராதம் மட்டும் ரூ. 591 கோடியாகக் குறைந்தது. கோல் இந்தியா உச்ச நீதிமன்றம் போனது. அங்கே வைத்த வாதம் சுவாரசியமானது: நாங்கள் லாபத்துக்காக நடக்கவில்லை, நாட்டின் வளத்தைப் பொது நன்மைக்காகப் பகிர வேண்டும் என்று அரசியல் சாசனத்தின் 39-வது பிரிவு சொல்வதைச் செய்கிறோம், நாட்டுடைமைச் சட்டம் எங்களை ஏகபோகமாகவே படைத்தது, ஏகபோகமாக இரு என்று ஒரு சட்டம் சொல்லி, ஏகபோகமாக நடக்காதே என்று இன்னொரு சட்டம் சொன்னால் என்ன செய்வது?

2023 ஜூன் 15-இல் தீர்ப்பு வந்தது. போட்டிச் சட்டம் கோல் இந்தியாவுக்கும் பொருந்தும். பொது நன்மைக்காக நடக்கும் நிறுவனம் என்றால், வாங்குகிறவரிடம் நியாயமில்லாத நிபந்தனை போடுவது அந்தப் பொது நன்மையில் எப்படிச் சேரும் என்ற இடத்தில்தான் அந்த வாதம் உடைந்தது. சமூகக் கடமையைக் காட்டி நியாயம் சொல்லலாம், ஆணையம் அதையும் எடைபோட வேண்டும் என்று சட்டமே சொல்கிறது; ஆனால் விசாரணைக்கே வரமாட்டேன் என்று சொல்லக் கூடாது. கோல் இந்தியா உண்மையில் தவறு செய்ததா என்பதை உச்ச நீதிமன்றம் முடிவு செய்யவில்லை, சட்டம் பொருந்துமா என்பதை மட்டும் முடித்து வைத்தது.

ஒரு சின்ன வேடிக்கை. ஆணையம் வசூலிக்கும் அபராதம் இந்திய அரசின் தொகுப்பு நிதிக்குப் போகிறது. அப்படியானால் அரசு நிறுவனத்துக்கு அபராதம் என்பது வலது பையிலிருந்து இடது பைக்கு மாற்றுவதுதானே என்று கேட்கலாம். முழுக்க அப்படியில்லை. கோல் இந்தியா 2010-லேயே பங்குச் சந்தைக்கு வந்துவிட்டது. அபராதத்தில் ஒரு பங்கு, அந்தப் பங்கை வாங்கி வைத்திருக்கும் சாதாரண முதலீட்டாளர் பையிலிருந்தும் போகும்.

உங்கள் நிலைமைக்கு கோல் இந்தியாவைவிட நெருக்கமான வழக்கு ஒன்று உண்டு. டெல்லி பிரகதி மைதானத்தை வைத்திருப்பது இந்திய வர்த்தக மேம்பாட்டு நிறுவனம், மத்திய அரசுடையது. அது மைதானத்தைத் தனியார் கண்காட்சிக்காரர்களுக்கு வாடகைக்கும் விடும், தானும் கண்காட்சி நடத்தும். ஒரே துறையில் இரண்டு கண்காட்சி நடந்தால் நடுவில் இத்தனை நாள் இடைவெளி வேண்டும் என்று ஒரு விதி வைத்தது. அந்த இடைவெளி தன் கண்காட்சிக்கு வசதியாக ஒரு மாதிரியும், தனியார் கண்காட்சிக்கு இன்னொரு மாதிரியும் இருந்தது. 2014-ல் ஆணையம் இதைத் தவறு என்று சொல்லி ரூ. 6.75 கோடி அபராதம் போட்டது. மண்டபக்காரரே சமையல் கான்ட்ராக்டும் எடுத்துக்கொண்டு, வெளிச் சமையல்காரருக்கு மட்டும் தண்ணீர் பைப்பை மூடி வைப்பதற்குச் சமம் இது. (2016-ல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அந்த உத்தரவை ரத்து செய்துவிட்டது என்பதையும் சேர்த்தே ஞாபகம் வையுங்கள்.)

இதைப் படித்ததும் உங்களுக்கு பஸ் ஸ்டாண்ட் ஞாபகம் வந்திருக்கும். வரட்டும், பின்னால் பேசுவோம்.

இப்போது உங்கள் வழக்கு. போக்குவரத்துக் கழகம் ஒரு நிறுவனம்தான், ஒப்புக்கொள்வோம். உங்கள் ஊர் டவுன் பஸ் சேவை ஒரு தனிச் சந்தை, அதில் கழகத்துக்கு ஆதிக்கம் உண்டு என்றும் வைத்துக்கொள்வோம். (கொங்குப் பக்கத்தில் தனியார் வண்டிகள் கணிசம் என்பதால் இதை நிரூபிப்பதே உங்களுக்குக் கஷ்டம். வண்டி எண்ணிக்கையை ரூட் ரூட்டாக எடுக்க வேண்டும்.) அடுத்து, அடக்க விலைக்குக் கீழே விற்றுப் போட்டியாளரை ஒழிப்பது என்ற குற்றச்சாட்டு. சட்டத்தில் இதற்கு இரண்டு கால்: செலவுக்குக் கீழே விலை இருக்க வேண்டும், போட்டியைக் குறைக்கவோ போட்டியாளரை ஒழிக்கவோ அப்படி வைத்திருக்க வேண்டும். ஒரு கால் இல்லாவிட்டாலும் வழக்கு விழுந்துவிடும்.

முதல் காலே ஆட்டம் காண்கிறது. அரசு பஸ்ஸில் ஒரு பெண் ஏறினால் கண்டக்டர் சும்மா விடுவதில்லை, கட்டணமில்லாத ஒரு டிக்கெட்டைக் கிழித்துக் கொடுக்கிறார். அது எதற்கு? கணக்குக்கு. எத்தனை பெண்கள் போனார்கள் என்பதற்கான பதிவு. கழகத்துக்கு வரவேண்டிய பணத்தை மாநில அரசு ஈடு செய்கிறது. திட்டம் அறிவித்தபோதே ஆண்டுக்கு ரூ. 1,200 கோடி என்று சொன்னார்கள், பிறகு அது பல மடங்கு ஏறிவிட்டது. ஆக, கழகத்தின் வக்கீல் எழுந்து, "நாங்கள் இலவசமாக ஓட்டவில்லை, பயணிக்குப் பதில் அரசு டிக்கெட் எடுக்கிறது" என்பார். அந்த ஈடு முழுச் செலவுக்குப் போதுமா என்பது கேட்கத்தக்க கேள்வி. போதாவிட்டாலும் இரண்டாவது கால் மிச்சம் இருக்கிறது: நோக்கம். வேலைக்கும் சந்தைக்கும் போகும் பெண்களின் செலவைக் குறைப்பது என்று அரசாணையே சொல்கிறது. உங்களை ஊரைவிட்டு ஓட்டுவது அதன் நோக்கம் என்று காட்ட உங்களிடம் காகிதம் ஏதும் இருக்காது.

இன்னும் ஒன்று. முடிவெடுத்தது கழகம் இல்லை, மூன்றாவது நாற்காலி. வரிப்பணத்தை யாருக்கு மானியமாகக் கொடுப்பது என்பது வியாபாரம் ஆகாது, அது ஆட்சி. ஆணையம் அதற்குள் போகாது. அதிகபட்சம், போட்டிச் சட்டத்தின் 49-வது பிரிவின் கீழ் அரசு கேட்டால் கருத்துச் சொல்லும். அந்தக் கருத்தை ஏற்பதும் ஏற்காததும் அரசின் விருப்பம்.

காலக்கெடு வேறு இருக்கிறது. 2023-ல் செய்த திருத்தப்படி, பிரச்சினை தொடங்கி மூன்று வருடத்துக்குள் புகார் கொடுக்க வேண்டும், தாமதத்துக்குக் காரணம் காட்டினால் மன்னிக்கலாம். 2021 மே எங்கே, இன்றைக்கு எங்கே. தினமும் தொடர்கிற பாதிப்பு என்று வாதாடலாம்தான். ஆனால் பலவீனமான வழக்குக்கு இதுவும் ஒரு பாரம்.

"அப்போ அரசு கஜானாவைத் திறந்து தன் கம்பெனிக்கு எவ்வளவு வேண்டுமானாலும் கொட்டலாமா?" என்று கேட்பீர்கள். நம் நாட்டில், போட்டிச் சட்டத்தைப் பொறுத்தவரை, கொட்டலாம். பிஎஸ்என்எல்-க்கு 2019, 2022, 2023 என்று மூன்று முறை மீட்புத் திட்டம் அறிவித்தார்கள். 2022-ல் அறிவித்தது மட்டும் ரூ. 1.64 லட்சம் கோடி. அதைக் கேள்வி கேட்க ஆணையத்துக்கு ஒரு பிரிவும் கிடையாது. இதில் அரசு கம்பெனிதான் எப்போதும் லாபம் அடைகிறது என்றும் நினைக்க வேண்டாம். ஜியோ வந்து மலிவு விலையில் அள்ளிக் கொடுத்த 2016-ல் பிஎஸ்என்எல்-க்கு 4ஜி அலைக்கற்றையே ஒதுக்கவில்லை, 2019 திட்டத்தில்தான் ஒதுக்கினார்கள். அந்த மலிவு விலை மேல் ஏர்டெல் கொடுத்த புகாரை, ஜியோ புதுசாக வந்தவர், ஆதிக்கம் இல்லை என்று 2017-ல் ஆணையம் மூடியது. பணத்தை ஒரு கையால் கொடுத்து, இன்னொரு கையால் முதலாளி கட்டிப்போட்டால் அரசு கம்பெனி ஓடுமா? உங்கள் எதிராளியான போக்குவரத்துக் கழகத்துக்கும் இந்த நிலைமைதான். நஷ்டமான மலைக்கிராம ரூட்டை அது விட முடியாது, நீங்கள் அந்த ரூட்டுக்கு பெர்மிட்டே கேட்க மாட்டீர்கள்.

கஜானாப் பணத்துக்குக் கடிவாளம் போட்ட இடம் ஐரோப்பா. அங்கே அரசு உதவிக்கென்றே தனிச் சட்டம் உண்டு, அதன் புகழ்பெற்ற தீர்ப்பு, நம்புங்கள், ஒரு டவுன் பஸ் வழக்கு. ஜெர்மனியில் ஸ்டெண்டால் என்ற மாவட்டம். ஒரு பஸ் கம்பெனிக்கு உரிமமும் மானியமும் கிடைத்தது, கிடைக்காத இன்னொரு கம்பெனி வழக்குப் போட்டது. ஆல்ட்மார்க் வழக்கு என்பார்கள், 2003 ஜூலையில் ஐரோப்பிய நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. பொதுச் சேவைக்கு ஈடாகக் கொடுக்கும் பணம் சலுகை ஆகாது, ஆனால் நாலு விஷயம் சரியாக இருக்க வேண்டும். என்ன சேவை என்று முன்கூட்டியே எழுதியிருக்க வேண்டும். பணத்தைக் கணக்கிடும் முறையையும் முன்பே சொல்லியிருக்க வேண்டும். செலவுக்கும் நியாயமான லாபத்துக்கும் மேல் ஒரு காசு போகக் கூடாது. டெண்டர் விட்டு ஆளைத் தேர்ந்தெடுக்காவிட்டால், ஒழுங்காக நடக்கும் ஒரு சராசரி பஸ் கம்பெனிக்கு என்ன செலவாகுமோ அதை வைத்துத்தான் பணம் கொடுக்க வேண்டும். இந்த நாலாவதைப் படிக்கும்போது உங்களுக்குக் கண் விரியும் என்று தெரியும். இங்கே அது சட்டம் இல்லை, அங்கே.

அமெரிக்காவோ நேர் எதிர்ப் பக்கம். மத்திய அரசு என்றால் ஏகபோக எதிர்ப்புச் சட்டம் தொடாது என்பது அங்கே. 2004-ல் தபால் பை தைத்துக் கொடுத்த ஒரு கம்பெனி, ஒப்பந்தம் போனதும் தபால் துறை மேல் வழக்குப் போட்டது. தபால் துறை என்பது அமெரிக்க அரசேதான், அதைத் தனி ஆளாகப் பார்க்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் ஒருமனதாக மூடிவிட்டது. அந்த வகையில் நம் சட்டம் அரசுத் துறையையும் கூண்டில் ஏற்றுகிறது என்பது பெரிய விஷயம்தான்.

நம் ஊரில் தனியார் பஸ்ஸும் அரசு பஸ்ஸும் நீதிமன்றத்தில் மோதிய கதை போட்டிச் சட்டத்தைவிட அரை நூற்றாண்டு பழசு. அந்த வழியில்தான் உங்களுக்கும் வாசல் இருக்கிறது, அதனால் சொல்கிறேன். அரசியல் சாசனம் வந்த புதிதில் உத்தரப் பிரதேச அரசு தன் பஸ்களைப் பெர்மிட் இல்லாமலே ஓட்டிக்கொண்டு, தனியாரிடம் மட்டும் பெர்மிட் கேட்டது. அலகாபாத் உயர் நீதிமன்றம் அது பாரபட்சம் என்றது. 1951 ஜூனில் அரசியல் சாசனத்தின் முதல் திருத்தம் வந்தது. பேச்சுரிமையைக் கட்டுப்படுத்திய திருத்தம் என்றுதான் பலருக்கும் தெரியும். அதே திருத்தத்தில் 19(6)-இல் இன்னொன்றும் நுழைந்தது. தனியாரை முழுக்கவோ பகுதியாகவோ விலக்கிவிட்டு அரசே ஒரு தொழிலை நடத்தலாம், தொழில் செய்யும் உரிமையைக் காட்டி அதை எதிர்க்க முடியாது. நாடாளுமன்றத்தை அங்கே தள்ளியதில் அந்த பஸ் வழக்குக்கும் பங்கு உண்டு.

அதன்பின் மோட்டார் வாகனச் சட்டத்தில் தனி அத்தியாயமே சேர்த்தார்கள். இன்றைய 1988 சட்டத்தில் அது ஆறாவது அத்தியாயம். அரசு ஒரு ரூட்டையோ ஏரியாவையோ தனக்கென்று எடுக்க ஸ்கீம் வெளியிடலாம், ஆனால் ஆட்சேபம் கேட்க வேண்டும். ஆந்திராவில் தனியார் பஸ்காரர்கள் போட்ட வழக்கில், போக்குவரத்துத் துறைச் செயலாளரே ஆட்சேபங்களைக் கேட்டார், முடிவை முதலமைச்சர் எடுத்தார். ஒருவர் கேட்டு இன்னொருவர் முடிவெடுத்தால் அது வெறும் சடங்கு என்று உச்ச நீதிமன்றம் அந்த ஸ்கீமை ரத்து செய்தது. கேட்டவரே வழக்கில் எதிர்த்தரப்பாக இருக்கிற துறையின் செயலாளர் என்பதும் ஒரு குறை. மறுமுறை முதலமைச்சரே உட்கார்ந்து கேட்டு முடிவெடுத்தபோது நீதிமன்றம் ஏற்றுக்கொண்டது. முதலாளிகள் முறையில் ஜெயித்து, விஷயத்தில் தோற்றார்கள்.

தமிழ்நாட்டில் 1972-ல் நடந்தது உங்கள் வீட்டுப் பெரியவர்களுக்குத் தெரிந்திருக்கும். தனியார் பஸ்களை அரசு எடுத்துக்கொண்டது: மதுரையில் டிவிஎஸ் பஸ்கள் அரசின் பாண்டியன் ஆயின, பொள்ளாச்சி ஆனைமலைஸ் பஸ்கள் அரசின் சேரன் ஆயின. உங்களைப் போன்ற சிறு முதலாளிகள் மிச்சமானது அந்த அலை எல்லா ரூட்டையும் அடித்துப் போகாததால்தான். ஆகவே "அரசு தொழிலுக்கே வரக் கூடாது" என்று ஆரம்பிக்கும் எந்த வாதத்தையும் நீதிமன்றத்தில் எடுத்துவிடாதீர்கள். அது 1951-லேயே முடிந்த கதை.

சரி, என்னதான் செய்வது? மூன்று நாற்காலியைப் பிரித்தோமே, குறைகளையும் அப்படியே பிரியுங்கள்.

பஸ் ஸ்டாண்டில் உங்களுக்கு நிற்க இடம் மறுப்பது, உங்கள் டைமிங்குக்கு ஒரு நிமிடம் முன்னால் அரசு வண்டியைப் புதிதாக நுழைப்பது, இதெல்லாம் நடந்தால் அது முதல் இரண்டு நாற்காலிகளின் வேலை. முன்னால் போகிற வண்டிக்குத்தான் கலெக்‌ஷன் என்பது உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. டைமிங், பெர்மிட் உத்தரவுகள் மேல் சென்னையில் இருக்கும் மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். நிலையத்தை வைத்திருப்பவரும் உங்களோடு போட்டி போடுபவரும் ஒருவரே என்றால், அப்போது பிரகதி மைதான வழக்கில் ஆணையம் எடுத்த பார்வையைக் காட்டலாம், அது மேல்முறையீட்டில் நிற்கவில்லை என்பதை மறக்காமல். போட்டி ஆணையத்துக்கு 2021 முதல் சென்னையிலேயே மண்டல அலுவலகமும் இருக்கிறது. தேதி, நேரம், டிரிப் ஷீட் என்று ஆறு மாதத்துக்குக் குறித்து வையுங்கள். ஆணையம் கேட்கிற முதல் கேள்வி "ஆதாரம் எங்கே" என்பதுதான்.

கட்டணம் இரண்டாவது நாற்காலி. மோட்டார் வாகனச் சட்டத்தின் 67-வது பிரிவின் கீழ் உங்கள் கட்டணத்தையும் அரசுதான் நிர்ணயிக்கிறது. 2018 ஜனவரியில் கட்டணம் ஏற்றியபோது டீசல் லிட்டர் அறுபது ரூபாய் சொச்சம், பிறகு தொண்ணூறைத் தாண்டியது. கழகத்தின் நஷ்டத்தை அரசு நிரப்பும், உங்கள் நஷ்டத்தை யார் நிரப்புவது? செலவுக்கு ஏற்பக் கட்டணத்தைத் திருத்து என்று உயர் நீதிமன்றத்தில் ரிட் போடுவதற்கு இலவசத் திட்டத்தை எதிர்ப்பதைவிட வலு அதிகம். பயணிகள் உங்களைத் திட்டுவார்கள் என்பது உண்மைதான்.

மூன்றாவது நாற்காலியிடம் "திட்டத்தை நிறுத்து" என்று கேட்காதீர்கள், "என் வண்டியையும் சேர்" என்று கேளுங்கள். கர்நாடகாவில் 2023-ல் இலவசத் திட்டம் வந்தபின் தனியார் வாகன சங்கங்கள் செப்டம்பர் 11-இல் பெங்களூரில் பந்த் நடத்தின. பந்தால் திட்டம் போய்விடவில்லை. தனியார் பஸ்தான் பெரும்பான்மையாக ஓடும் மங்களூர், உடுப்பிப் பக்கத்தில் வேறு மாதிரிக் கேள்வி கேட்டார்கள்: அரசு பஸ்ஸே வராத ஊரில் இருக்கும் பெண்ணுக்கு இந்தச் சலுகை எப்படிக் கிடைக்கும்? இதுதான் அரசியல் சாசனத்தின் 14-வது பிரிவுப்படி, அதாவது எல்லோரையும் சமமாக நடத்து என்ற பிரிவுப்படி, கேட்கத்தக்க கேள்வி. உங்களுக்கு நஷ்டம் என்பதை முன்னால் வைத்தால் நீதிபதி கொள்கை முடிவு என்று ஒதுக்குவார். உங்கள் வண்டி மட்டுமே போகிற கிராமத்துப் பெண்ணை முன்னால் வைத்தால் அரசு பதில் சொல்லியாக வேண்டும். இதைத் தனியாளாகச் செய்யாமல் சங்கம் மூலம், எந்தெந்தக் கிராமத்துக்கு அரசு வண்டியே இல்லை என்ற பட்டியலோடு செய்யுங்கள்.

பணம் எப்படிக் கொடுப்பார்கள் என்று அதிகாரிகள் கேட்டால் டெல்லியைக் காட்டுங்கள். 2019 அக்டோபரில் அங்கே பெண்களுக்கு இலவசம் வந்தபோது அரசு பஸ்களோடு கிளஸ்டர் பஸ்களையும் சேர்த்தார்கள். கிளஸ்டர் பஸ்கள் தனியாருடையவை, ஓட்டியதும் அவர்கள்தான், அரசு ஒப்பந்தப்படி பணம் கொடுத்தது. அப்போது பெண் ஏறினால் கண்டக்டர் பத்து ரூபாய் மதிப்புப் போட்ட இளஞ்சிவப்பு டிக்கெட் ஒன்றைக் கொடுத்தார், அந்தப் பெண் காசு கொடுக்க வேண்டியிருக்கவில்லை. எத்தனை டிக்கெட் போனதோ அந்தக் கணக்குக்கு அரசு பணம் கொடுத்தது.